பேசாப் படத்தில் கணவன் மனைவி சண்டை: மூன்று வட்டுத் தொகுப்பு ஒன்றின் மதிப்புரை

ஒரே வீட்டில் வசிப்போம், ஆனால் ஒருவரோடொருவர் பேசமாட்டோம் என்று வழக்கறிஞர் எழுதிய உடன்படிக்கையை ஏற்றுக்கொண்ட கணவனும் மனைவியும், அன்று முதல் சொல்ல வேண்டியதையெல்லாம் துண்டுச் சீட்டில் எழுதி நீட்டிக்கொள்கிறார்கள். 1913ஆம் ஆண்டு வெளிவந்த 'எ ஹவுஸ் டிவைடட்' என்ற படத்தில் வருகிறது இது. ஏற்கெனவே பேச்சே கேட்காத ஒரு படத்துக்குள், பேசக் கூடாது என்ற தடையையும் கொண்டுவந்து வைக்கும் துணிச்சல் இயக்குநர் அலிஸ் கீ பிளாஷேக்கு இருந்திருக்கிறது. அந்தச் சீட்டுகளில் என்ன எழுதியிருக்கிறது என்று படிக்க முடிந்தால்தான் படம் சிரிக்கவைக்கும். நான் முன்பு பார்த்திருந்த பிரதியில் அவை வெள்ளைத் திட்டுகளாக மட்டுமே தெரிந்ததால், இதில் என்ன வேடிக்கை இருக்கிறது என்று பாதியிலேயே நிறுத்திவிட்டிருந்தேன். இப்போது வாங்கிய ப்ளூரே தொகுப்பில் ஒவ்வொரு சீட்டையும் படிக்க முடிந்தது. மூன்று வட்டுகளையும் முழுவதுமாகப் பார்த்து, இந்த மதிப்புரையை எழுத உட்கார்ந்ததற்கு முதல் காரணம் அதுதான்.

தொகுப்பின் பெயரையும் வெளியிட்ட நிறுவனத்தின் பெயரையும் நான் சொல்லப்போவதில்லை. பின்னால் சில குறைகளைச் சொல்ல இருக்கிறேன் என்பது ஒரு காரணம். இந்தப் படங்கள் பெரும்பாலும் பதிப்புரிமைக் காலம் கடந்தவை என்பதால் இதே படங்களை வெவ்வேறு உறைகளில் பலர் விற்கிறார்கள் என்பது இன்னொரு காரணம். உறையின் மேல் என்ன அச்சிட்டிருக்கிறது என்பதைவிட, எந்தப் பிரதியிலிருந்து, எந்த வேகத்தில், எவ்வளவு ஓரத்தை வெட்டிப் பதிவுசெய்திருக்கிறார்கள் என்பதைப் பார்த்து வாங்குவதே இவ்வகைப் படங்களில் முக்கியம் என்பது என் அனுபவம். வாங்கும் எண்ணமுள்ளவர்கள் அந்தக் கண்ணோடு இதைப் படித்தால் வேறு எந்தத் தொகுப்பை எடைபோடவும் உதவும்.

முதல் வட்டு 1901இல் தொடங்குகிறது. எடிசன் நிறுவனம் அவ்வாண்டு எடுத்த 'ஒய் மிஸ்டர் நேஷன் வாண்ட்ஸ் எ டிவோர்ஸ்' ஒரே அறையில் நடந்து முடிந்துவிடும் குறும்படம். மதுக்கடைகளைக் கோடரியால் உடைத்துப் பெயர்பெற்ற கேரி நேஷனின் வீட்டில், அவர் ஊர் ஊராகப் போராடப் போன பிறகு, கணவர் அழும் பிள்ளைகளோடு படும் பாட்டைக் காட்டி, திரும்பி வந்த மனைவி கணவரை மடியில் கவிழ்த்துப் போட்டு அடிப்பதோடு முடிகிறது. நிஜ வாழ்விலும் அந்தத் தம்பதியருக்கு அதே 1901ஆம் ஆண்டு விவாகரத்து ஆனது என்பதை அறிந்து பார்த்தால் சிரிப்போடு சற்றுச் சங்கடமும் வருகிறது. உயிரோடு இருப்பவர்களின் குடும்ப விவகாரத்தைத் திரையில் போட்டுக் கேலி செய்யும் பழக்கம் சினிமாவோடு கூடவே பிறந்திருக்கிறது.

1904இல் அமெரிக்கன் மியூட்டோஸ்கோப் அண்ட் பயோகிராஃப் நிறுவனம் எடுத்த 'தி ஸ்டோரி தி பயோகிராஃப் டோல்ட்' அதைவிட ஒரு படி மேலே போகிறது. அலுவலகத்தில் தட்டச்சுப் பெண்ணோடு முதலாளி கொஞ்சுவதை அலுவலகப் பையன் ஒருவன் கேமராவில் பிடித்துவிடுகிறான். பிறகு முதலாளி மனைவியை அழைத்துக்கொண்டு அரங்குக்குப் போக, அங்கே திரையில் ஓடுவது அவரே. மறுநாள் மனைவி அலுவலகத்துக்கு வந்து தட்டச்சுப் பெண்ணை அனுப்பிவிட்டு அந்த இடத்தில் ஓர் ஆளை அமர்த்துகிறார். சினிமா பிறந்து பத்தாண்டுகூட ஆகாத காலத்தில், கணவனைக் கையும் களவுமாகப் பிடித்துக்கொடுக்கும் சாட்சியாகச் சினிமாவையே நிறுத்தியிருக்கிறார்கள்.

இவ்வட்டின் மற்றொரு பகுதி பயோகிராஃபுக்காக டி. டபிள்யூ. கிரிஃபித் இயக்கிய ஜோன்ஸ் தம்பதியர் படங்கள். பின்னாளில் பெரிய வரலாற்றுப் படங்களால் பெயர்பெற்ற கிரிஃபித் இப்படியும் எடுத்திருக்கிறாரா என்று கேட்பவர்கள் இருப்பார்கள். ஜான் கம்ப்சனும், பயோகிராஃப் பெண் என்றே ரசிகர்கள் அறிந்திருந்த ஃபுளோரன்ஸ் லாரன்சும் கணவன் மனைவியாக வருகிறார்கள். 1909இன் 'ஹர் ஃபர்ஸ்ட் பிஸ்கட்ஸ்' படத்தில் மனைவி முதன்முதலாகச் சுட்ட பிஸ்கட்டைத் தின்றவர்கள் ஒவ்வொருவராக வயிற்றைப் பிடித்துக்கொண்டு சாய்கிறார்கள். அந்தக் கூட்டத்தில் மேரி பிக்ஃபோர்டும் ஒருவர் என்பதற்காகத்தான் இந்தப் படம் இன்று பேசப்படுகிறது. நகைச்சுவையைப் பொறுத்தவரை ஒரே வெடியைப் பத்து முறை வெடிக்கும் படம், அவ்வளவுதான்.

இந்தப் பயோகிராஃப் படங்கள் சற்று மங்கலாகத் தெரிவதைக் குறையாகச் சொல்ல எனக்கு மனமில்லை. 1912 வரை அமெரிக்கச் சட்டத்தில் திரைப்படத்தைத் திரைப்படமாகவே பதிவுசெய்ய வழியில்லாததால், தயாரிப்பாளர்கள் படச்சுருளை அப்படியே புகைப்படக் காகிதத்தில் அச்சிட்டு லைப்ரரி ஆஃப் காங்கிரசில் கொடுத்துப் பதிப்புரிமை பெற்றார்கள். எளிதில் தீப்பற்றும் நைட்ரேட் என்ற பொருளாலான அக்காலச் சுருள்கள் எரிந்தும் உருகியும் போன பிறகு, இப்படிக் காகிதத்தில் இருந்த 3,000க்கும் மேற்பட்ட படங்கள்தான் மறுபடி படச்சுருளுக்கு மாற்றப்பட்டுப் பிழைத்தன. சட்டத்துக்காக எடுத்த நகல் படத்துக்கு உயிர் கொடுத்தது. காகிதத்தின் நார் தெரிகிறது, கறுப்பு கறுப்பாக இல்லை, ஆனால் ஃபுளோரன்ஸ் லாரன்சின் முகம் தெரிகிறது. அது போதும்.

முதல் வட்டில் நான் திரும்பத் திரும்பப் பார்த்தது, புரூக்ளினைச் சேர்ந்த வைட்டாகிராஃப் நிறுவனம் 1912இல் வெளியிட்ட 'எ க்யூர் ஃபார் போக்கரைட்டிஸ்'. லாரன்ஸ் டிரிம்பிள் இயக்கிய இந்தப் பதின்மூன்று நிமிடப் படத்தில் உருண்டு திரண்ட ஜான் பன்னி கணவனாகவும், கம்பாக நெடிந்து மெலிந்த ஃபுளோரா ஃபின்ச் மனைவியாகவும் வருகிறார்கள். இருவரும் ஒரே சட்டகத்துக்குள் நின்றாலே பாதிச் சிரிப்பு வந்துவிடுகிறது. சீட்டாட்டத்தில் பணம் தோற்ற கணவன் இனிமேல் ஆடுவதில்லை என்று மனைவியிடம் சத்தியம் செய்துவிட்டு, 'சன்ஸ் ஆஃப் தி மார்னிங்' என்ற சங்கத்தின் வாராந்திரக் கூட்டத்துக்குப் போவதாகச் சொல்லி மறுபடியும் ஆடப் போகிறான். தூக்கத்தில் உளறி மாட்டிக்கொள்கிறான். மனைவி அழவில்லை, கத்தவில்லை. உறவுக்காரப் பையனை விட்டுப் பின்தொடரச் சொல்லி இடத்தைக் கண்டுபிடித்து, அவனுடைய பைபிள் வகுப்புத் தோழர்களுக்குப் போலீஸ் உடுப்பு மாட்டிவிட்டுச் சோதனைக்கு அனுப்புகிறாள். பிடிபட்ட கணவன்மார்களை அந்தப் போலிப் போலீசார் ஒப்படைப்பது அவரவர் மனைவியிடம்.

இங்கே கவனிக்க வேண்டியது பன்னியின் முகம். தூக்கத்தில் உளறும் காட்சியில் அவர் கண்ணை மூடிக்கொண்டிருக்கிறார், உடம்பு போர்வைக்குள் இருக்கிறது, பேச்சு நமக்குக் கேட்காது. ஆட்டத்தை இன்னமும் ஆடிக்கொண்டிருக்கும் மகிழ்ச்சியை அந்தப் பெரிய முகம் ஒன்றே சொல்லியாக வேண்டும், சொல்கிறது. பக்கத்தில் கண்விழித்த ஃபின்ச் கணவனை எழுப்பிக் கேட்காமல் கவனித்துக்கொண்டே இருக்கிறார். அந்தக் காத்திருப்பில் திட்டம் ஒன்று உருவாகிவிட்டது என்று நமக்குப் புரிந்துவிடுகிறது. 1915இல் பன்னி இறந்தபோது உலகம் முழுவதும் அறிந்த நகைச்சுவை நடிகராக இருந்தார். அடுத்த ஆண்டுகளில் சாப்ளின் அலையில் அவர் பெயர் மறைந்தே போயிற்று. இந்தப் படம் 2011இல் அமெரிக்க தேசியத் திரைப்படப் பதிவேட்டில் சேர்க்கப்பட்டது. படத்தின் சீட்டாட்ட அறையில் புகைமூட்டத்துக்கு நடுவே ஒவ்வொருவர் முகமும் தனித்தனியாகத் தெரியும் அளவுக்கு இந்தப் பிரதி நன்றாக உள்ளது.

முதலில் சொன்ன 'எ ஹவுஸ் டிவைடட்' இதை அடுத்து வருகிறது. அலிஸ் கீ 1896 முதலே பிரான்சில் கோமோன் நிறுவனத்தில் படம் எடுத்தவர், பிறகு அமெரிக்கா வந்து 1910இல் சோலாக்ஸ் என்ற சொந்த நிறுவனத்தைத் தொடங்கி, அதை நியூ ஜெர்சியின் ஃபோர்ட் லீக்குக் கொண்டுபோனவர். அவர் 1906இல் கோமோனுக்காக எடுத்த, பெண்கள் விடுதியில் உட்கார்ந்து குடிக்க ஆண்கள் தையலும் சலவையும் பிள்ளை வளர்ப்புமாகக் கிடக்கும் தலைகீழ் உலகத்தைப் பற்றிய படமும் இவ்வட்டில் இருக்கிறது. இரண்டையும் அடுத்தடுத்துப் பார்க்கும்போது ஏழாண்டுகளில் அவர் எவ்வளவு தூரம் வந்திருக்கிறார் என்பது தெரிகிறது. முன்னதில் ஆண் பெண் என்ற இரண்டு கட்சிகள் மோதுகின்றன. பின்னதில் ஒரு கணவன், ஒரு மனைவி. கணவன் மேல் வீசும் வாசனைத் தைலம் மனைவியின் சந்தேகத்துக்கும், வீட்டில் கிடக்கும் யாருடையதோ கையுறைகள் கணவனின் சந்தேகத்துக்கும் போதுமானவையாக இருக்கின்றன. ஊடலுக்கு ஒரு தும்மல் போதும் என்று அறிந்தவர்களுக்கு இதில் வியப்பு இருக்காது. வாசனையைத் திரையில் காட்ட முடியாது, மோந்து பார்க்கும் மூக்கைத்தான் காட்ட முடியும் என்பதை அலிஸ் கீ எப்படிப் பயன்படுத்துகிறார் என்று பார்க்க வேண்டும்.

இந்தத் தொகுப்பைப் பார்த்து முடித்தபோது எனக்குத் தெளிவான ஒன்று உண்டு. வாய்ச்சண்டையைக் காட்ட வழியில்லாத இயக்குநர்கள் சண்டையை முழுவதுமாகப் பொருள்களின் மேல் ஏற்றிவிட்டிருக்கிறார்கள். சீட்டு, கையுறை, கோட்டுப் பை, தொப்பி, கடிதம், கடிகாரம் என்று ஏதாவது ஒன்று கணவன் கையிலிருந்து மனைவி கைக்குப் போகிறது, அல்லது போகாமல் மறைக்கப்படுகிறது. சிரிப்பு அந்தப் பயணத்தில் இருக்கிறது. ஆகவே பொருள் கண்ணுக்குத் தெரியாத பிரதி, எத்தனை மலிவாகக் கிடைத்தாலும், படத்தைக் கொடுத்துவிட்டு நகைச்சுவையைத் தன்னிடமே வைத்துக்கொள்ளும் பிரதி.

இரண்டாம் வட்டு சிட்னி ட்ரூ தம்பதியரோடு ஆரம்பிக்கிறது. பன்னியும் ஃபின்ச்சும் திரையில் மட்டும் தம்பதியர். இவர்களோ நிஜ வாழ்விலும் கணவன் மனைவி. புகழ்பெற்ற நடிகர்களான பேரிமோர் உடன்பிறப்புகளின் மாமா சிட்னி ட்ரூ நாடக மேடையிலிருந்து வந்தவர். அவரைவிட ஏறத்தாழ முப்பது வயது இளையவரான மனைவி லூசில் மெக்வே கதை எழுதுவதிலும் இயக்குவதிலும் சரிபாதிப் பங்கு ஏற்றார். திரையில் அவர்கள் பெயர் 'மிஸ்டர் அண்ட் மிசஸ் சிட்னி ட்ரூ' என்றே வந்ததால் அந்தப் பங்கு பெரும்பாலும் கணவர் கணக்கில் எழுதப்பட்டுவிட்டது. துரத்தல் இல்லை, உதை இல்லை, ஒருவரும் தண்ணீரில் விழுவதில்லை. நல்ல வருமானமுள்ள ஒரு வீட்டின் கூடம், இரண்டு நாற்காலி, ஒரு சின்னப் பொய், இவ்வளவுதான் மூலதனம்.

1915இன் 'ஃபாக்ஸ் ட்ராட் ஃபினெஸ்' இதற்கு நல்ல உதாரணம். மனைவிக்கு அப்போது பரவியிருந்த ஃபாக்ஸ் ட்ராட் நடனத்தின் மேல் பித்து. கணவனுக்கு ஆடி ஆடி அலுத்துவிட்டது. கணுக்கால் சுளுக்கிவிட்டதாக நடித்து நாற்காலியில் சாய்ந்துகொள்கிறான். அது நடிப்பு என்று மனைவி கண்டுபிடித்துவிடுகிறாள், ஆனால் கண்டுபிடித்ததைக் காட்டிக்கொள்வதில்லை. மாறாக, கால் குணமாகும் வரை துணைக்கு வந்து இருக்கும்படி தன் தாயாருக்குக் கடிதம் எழுதுகிறாள். கடிதத்தைப் பார்த்த கணவனின் கால் உடனே சரியாகிவிடுகிறது. மாமியாரைப் பூச்சாண்டியாகக் காட்டும் வேடிக்கை இக்காலப் படங்களில் சலிக்கச் சலிக்க வருவது, பெரும்பாலும் எனக்கு அலுப்பூட்டுவது. இதில் மட்டும் அது உறுத்தவில்லை. மாமியார் கதைக்குள் வராமல் கடிதத்தில் ஒரு சொல்லாக மட்டுமே இருக்கிறார் என்பதுதான் காரணமாக இருக்க வேண்டும். பொய்யைப் பொய்யால் வென்ற மனைவி அதற்காகக் கொண்டாடுவதும் இல்லை. வெற்றியை விழுங்கிக்கொண்டு அவர் தலையைத் திருப்பும் விதத்தை மட்டுமே ஒரு பாடமாக நடத்தலாம்.

இவ்வளவு நுட்பமான நடிப்புக்கு இந்தத் தொகுப்பு செய்திருக்கும் துரோகம் ஒன்று உண்டு. ட்ரூ தம்பதியரின் படங்களில் ஒன்றுக்கு, பேசும் பட அச்சு இயந்திரத்தில் எடுத்த பழைய பிரதி ஒன்றைப் பயன்படுத்தியிருக்கிறார்கள். பேசும் படங்களில் ஒலித்தடத்துக்காகப் படச்சுருளின் ஓர் ஓரத்தில் இடம் ஒதுக்கப்பட்டது. மௌனப்படத்தின் முழுச் சட்டகத்தையும் அந்த இயந்திரத்தில் அப்படியே அச்சிடும்போது, ஒலித்தடத்துக்கான இடம் படத்தின் இடது ஓரத்தைத் தின்றுவிடும். இங்கேயும் அதுதான் நடந்திருக்கிறது. இடது பக்க நாற்காலியில் சிட்னி ட்ரூ அமர்ந்திருக்கும் காட்சிகளில் அவருடைய தோளும் ஒரு கையும் போய்விட்டன. இவருக்குக் கையே பாதி வசனம். வேறு நல்ல பிரதி கிடைக்கவில்லை என்றால் அதைக் கையேட்டில் ஒரு வரியில் சொல்லியிருக்கலாம், சொல்லவில்லை.

அடுத்து வரும் கீஸ்டோன் நிறுவனத்தின் படங்களைச் சுருக்கமாகவே சொல்லிவிடுகிறேன். மேபல் நார்மண்டும் சாப்ளினும் நடித்த 1914இன் 'மேபல்ஸ் மேரிட் லைஃப்' தவிர மற்றவற்றில் சண்டை இருக்கிறது, கணவன் மனைவி இல்லை. யார் யாரை உதைத்தாலும் கதைக்கு ஒன்றுதான். சாப்ளினும் ஆர்பக்கிளும் குடித்துவிட்டு மனைவிமாரிடமிருந்து தப்பியோடும் 'தி ரவுண்டர்ஸ்' படத்தில் இருவரும் ஏறிய படகு மெல்ல மெல்லத் தண்ணீரில் அமிழ, அவர்கள் நிம்மதியாகத் தூங்கிக்கொண்டிருக்கும் முடிவு மட்டும் நினைவில் நிற்கிறது. 'மேபல்ஸ் மேரிட் லைஃப்' அப்படியல்ல. பூங்காவில் தன்னிடம் வம்பு செய்தவனை விரட்டத் துப்பில்லாத கணவனுக்குப் பயிற்சி கொடுக்க, மேபல் ஒரு குத்துச்சண்டைப் பொம்மையை வாங்கி வீட்டில் நிறுத்துகிறார். குடித்துவிட்டு வந்த கணவன் அதை அந்த ஆளே என்று நினைத்துவிடுகிறான். முதலில் மரியாதையாக வெளியே போகச் சொல்கிறான், பிறகு தள்ளுகிறான். அடியில் கனம் வைத்த பொம்மை சாய்ந்துபோய்த் திரும்பி வந்து அவனை இடிக்கிறது. தள்ளத் தள்ள வலுவாக இடிக்கிறது. படுக்கையறையிலிருந்து எட்டிப்பார்க்கும் மேபல் முதலில் பயந்து, பிறகு புரிந்து, சிரிப்பை அடக்கிக்கொள்ளும் மூன்று கணங்களும் மூன்று வெவ்வேறு முகங்கள்.

அந்த மூன்று முகங்களையும் பிரித்துப் பார்க்க முடிந்ததற்குக் காரணம் வேகம். அக்காலக் கேமராவைக் கையால் சுழற்றினார்கள். ஒரு நொடிக்கு 16 அல்லது 18 பிரேம் என்ற கணக்கில் எடுத்த படங்கள் பல. அவற்றைப் பேசும் படத்துக்குரிய 24 பிரேம் வேகத்தில் ஓட்டும்போதுதான் மனிதர்கள் எல்லாரும் கால்சட்டைக்குள் எறும்பு புகுந்தவர்களைப் போல ஓடுகிறார்கள். மௌனப்பட நகைச்சுவை என்றாலே அந்த ஓட்டம்தான் என்று பலர் நினைத்துக்கொண்டிருப்பது இப்படிப்பட்ட பிரதிகளால் வந்த வினை. நகைச்சுவைப் படங்களில் வேண்டுமென்றே சற்று மெதுவாகச் சுழற்றி எடுத்து, திரையில் வேகம் கூடித் தெரியும்படி செய்த இடங்களும் உண்டு என்பதால் எல்லாவற்றுக்கும் ஒரே எண்ணை வைத்துவிடவும் முடியாது. படத்துக்குப் படம் கண்ணால் பார்த்து முடிவுசெய்ய வேண்டிய வேலை இது. இத்தொகுப்பில் அதைப் பொறுப்பாகச் செய்திருக்கிறார்கள். ஜோன்ஸ் படங்களில் ஒன்று மட்டும் கொஞ்சம் வேகமாக ஓடுவதாக எனக்குப் பட்டது.

இசையைப் பற்றி அப்படிச் சொல்ல முடியாது. பெரும்பாலான படங்களுக்குப் பியானோ ஒன்றே துணை, அது நன்றாகவே இருக்கிறது. ஆனால் சில படங்களில் கதவு தட்டும் ஓசை, கண்ணாடி உடையும் ஓசை, குழந்தை அழும் ஓசை என்று தனியாகச் சேர்த்துவிட்டார்கள். பேச்சைத் தவிர எல்லாம் கேட்கிறது என்றால், இவர்கள் ஏன் பேசாமல் இருக்கிறார்கள் என்ற சந்தேகம் பார்ப்பவருக்கு வந்துவிடும். நான் அந்தப் படங்களை ஒலியை முழுவதுமாக நிறுத்திவிட்டுப் பார்த்தேன்.

மூன்றாம் வட்டின் நாயகன் சார்லி சேஸ். சாப்ளின், கீட்டன், லாயிட் என்று மூவரை எண்ணி நிறுத்திவிடுபவர்களுக்கு இவர் பெயர் தெரிந்திருக்காது. ஹால் ரோச் நிறுவனத்துக்காக லியோ மெக்கரி இயக்கத்தில் 1926இல் இவர் நடித்த 'மைட்டி லைக் எ மூஸ்', என் கணக்கில், கணவன் மனைவி பற்றிய மௌனப் படங்களிலேயே மிக நன்றாக முடிச்சுப் போட்ட கதை. கணவனுக்குப் பற்கள் முன்னால் துருத்திக்கொண்டிருக்கின்றன. மனைவியாக வரும் விவியன் ஓக்லண்டுக்கு மூக்கு பெரிது. கடிகாரத்தையே நிறுத்திவிடும் முகம் மனைவிக்கு, அதை மறுபடி ஓடவைக்கும் முகம் கணவனுக்கு என்ற பொருளில் முதல் டைட்டில் கார்டே, அதாவது திரையில் எழுத்தாக வரும் அட்டையே, விளையாட ஆரம்பித்துவிடுகிறது. இருவரும் ஒருவருக்கொருவர் தெரியாமல் வைத்தியம் செய்துகொள்கிறார்கள். பல்லும் மூக்கும் சரியான பிறகு வெளியே சந்திக்கும்போது ஒருவரை ஒருவர் அடையாளம் தெரியவில்லை. அறிமுகமில்லாத அழகனிடம் மனைவியும், அறிமுகமில்லாத அழகியிடம் கணவனும் மயங்கி, கட்டிய துணைக்குத் துரோகம் செய்ய அதே துணையோடு கிளம்புகிறார்கள்.

வீடு திரும்பிய பிறகு நடப்பதுதான் படத்தின் உச்சம். இருவரும் தத்தம் திருட்டுத்தனத்தை மறைத்து ஒரே வீட்டுக்குள் ஒருவர் கண்ணில் ஒருவர் படாமல் உடை மாற்றிக்கொள்ள முயல்வதில் தொடங்கி, உண்மை கணவனுக்கு முதலில் தெரிந்ததும் அவன் வேறொரு நாடகம் போடுகிறான். போலிப் பற்களை மாட்டிக்கொண்டால் அவன் கணவன், கழற்றினால் மனைவியின் காதலன். மனைவி பார்த்துக்கொண்டிருக்க, வாசலுக்கு அந்தப் பக்கம் ஓர் ஆளாகவும் இந்தப் பக்கம் இன்னோர் ஆளாகவும் மாறி மாறித் தோன்றித் தன்னைத் தானே அடித்துக்கொள்கிறான். கதவுச் சட்டத்துக்குள் எந்த நேரமும் ஓர் ஆள்தான் தெரிகிறான், நம் மனம் இரண்டு பேரைப் பார்க்கிறது. பல் இருக்கிறதா இல்லையா என்பது தெரியாத மங்கல் பிரதியில் இந்தச் சண்டையே புரியாது. இதில் பல் ஒவ்வொன்றும் எண்ணிவிடலாம் போல் இருக்கிறது. பார்த்த கையோடு இரண்டாம் முறையும் போட்டேன், முதல் முறை தவறவிட்ட ஒரு பற்கழற்றலைக் கண்டுபிடித்தேன்.

லாரலும் ஹார்டியும் நடித்த 1928இன் 'தேர் பர்ப்பிள் மொமென்ட்', சாப்ளினின் 1922ஆம் ஆண்டுப் படமான 'பே டே' இரண்டும் சம்பளப் பணத்தை மனைவியிடமிருந்து ஒளிக்கும் கதை. லாரல் தன் பணத்தை ஒளிப்பது சுவரில் தொங்கும் உருவப்படத்தில் இருப்பவரின் கோட்டுப் பைக்குள். வரைந்த கோட்டுக்கு நிஜப் பை. இதைவிட நல்ல ஒளிவிடம் ஒன்றை நான் சினிமாவில் பார்த்ததில்லை. மனைவி அதைக் கண்டுபிடித்துப் பணத்தை எடுத்துவிட்டு வெற்றுக் கூப்பன்களை வைத்துவிடுகிறாள். கடைசியில் எல்லாரும் ஒருவர் மேல் ஒருவர் உணவை எறிந்துகொள்ளும் முடிவு அந்தப் பைக்கு ஈடாகவில்லை.

சாப்ளின் படத்தின் கடைசிப் பகுதியோ நேர்மாறு. விடியற்காலை வீடு திரும்பும் கட்டடத் தொழிலாளி, செருப்பின் ஓசை கேட்காமலிருக்க அதற்கு எண்ணெய் விடுகிறான். பூரிக்கட்டையோடு தூங்கும் ஃபில்லிஸ் ஆலனின் பக்கத்தில் ஓசையில்லாமல் சட்டையைக் கழற்றிக்கொண்டிருக்கும்போது அலாரம் அடித்துவிடுகிறது. கழற்றிக்கொண்டிருந்த கை ஒரு கணம்கூட நிற்காமல் அதே சட்டையை மாட்ட ஆரம்பித்துவிடுகிறது, வேலைக்குப் புறப்படுகிறானாம். ஓசையைப் பற்றிய இந்த நகைச்சுவை முழுவதும் ஓசையே இல்லாத படத்தில் இருக்கிறது. இங்கேயும் அலாரத்துக்கு மணியோசை சேர்த்துக் கெடுத்துவிடுவார்களோ என்று பயந்தேன், நல்ல வேளையாகப் பியானோவோடு விட்டுவிட்டார்கள்.

பொருளாகப் பார்த்தால் பெட்டி உறுதியானது, வட்டுகளை எடுத்து வைப்பதில் சிரமமில்லை. கையேட்டில் படங்களின் ஆண்டும் நீளமும் நடிகர் பெயர்களும் இருக்கின்றன, பிரதி எந்த ஆவணக்காப்பகத்தினுடையது என்ற விவரம் சில படங்களுக்கு மட்டுமே இருக்கிறது. எனக்கு வந்த பெட்டியில் இரண்டாம் வட்டு கீறலோடு வந்து, ட்ரூ படத்தின் நடுவில் நின்று நின்று ஓடியது. மாற்றித் தரச் சொல்லி மூன்று முறை எழுதிய பிறகுதான் புது வட்டு வந்தது. அதையும் அனுப்பினார்களே தவிர ஒரு வார்த்தை வருத்தம் தெரிவிக்கவில்லை. டைட்டில் கார்டுகளை மூலத்தில் இருந்தபடியே விட்டு, அடியில் துணைத்தலைப்பு கொடுத்திருப்பது நல்ல முறை. ஆனால் சிலேடைகளை நேர்ப்பொருளில் தட்டையாக்கிவிட்டார்கள். எர்ன்ஸ்ட் லூபிட்ஷின் 'தி மேரேஜ் சர்க்கிள்' இல்லாதது எனக்குப் பெரிய ஏமாற்றம். காலுறையில் ஓட்டையைக் கண்டுபிடித்த கணவன், தன் இழுப்பறை ஏறத்தாழ வெறுமையாகவும் மனைவியின் இழுப்பறை நிரம்பி வழிவதையும் பார்க்கும் அந்த முதல் காட்சியோடு 1924இல் ஒரு திருமணத்தின் முழு நிலைமையையும் சொல்லிவிட்டவர் அவர். நீளப்படம் என்பதால் விட்டிருப்பார்கள் என்றும் சொல்ல முடியாது, ஏனென்றால் மூன்றாம் வட்டின் கடைசியில் ஒரு நீளப்படத்தைச் சேர்த்திருக்கிறார்கள்.

அது கார்ல் தியோடர் ட்ரையர் 1925இல் டென்மார்க்கில் எடுத்த, மனைவியை வேலைக்காரியாக நடத்தும் கணவனை வீட்டின் பழைய தாதி மேட்ஸ் வழிக்குக் கொண்டுவரும் கதை. வாய்விட்டுச் சிரிக்கவைக்கும் படமல்ல. பிள்ளையைத் தண்டித்து மூலையில் நிறுத்திய அதே கணவனைக் கிழவி அதே மூலையில் கைகளைப் பின்னால் கட்டி நிற்கவைக்கும் இடத்தில் மட்டும் நான் சத்தமாகச் சிரித்தேன். இரண்டு அறை வீட்டைக் குழாயும் எரிவாயு அடுப்பும் வேலை செய்யும்படி படப்பிடிப்புத் தளத்தில் அப்படியே கட்டி எடுத்ததால், அந்த வீட்டில் ஒவ்வொரு கரண்டிக்கும் ஓர் இடம் இருப்பது நமக்கே பழகிவிடுகிறது. காலை உணவு வேளையில் ரொட்டியில் வெண்ணெய் போதவில்லை என்று கணவன் முகம் சுளிக்க, மனைவி தன் ரொட்டியில் தடவியிருந்ததைக் கத்தியால் வழித்து அவன் ரொட்டியில் தடவுகிறாள். முன்பு எங்கோ பார்த்த பிரதியில் சட்டகத்தின் ஓரம் வெட்டுப்பட்டு, மனைவி ஏதோ செய்கிறாள் என்பது மட்டும் தெரிந்தது. இப்போது கத்தியின் முனையில் ஒட்டியிருக்கும் வெண்ணெய் தெரிகிறது.